குபேஷுக்கு நான் செய்த உபசாரம்

நான் ஐஸ் போட்ட எதையும் குடிப்பதில்லை. எண்ணெயில் பொரித்ததைத் தொடுவதில்லை. ரயிலில் போனால் ஜன்னலோரம் உட்கார மாட்டேன். கூட்டத்தில் யாரையாவது கூப்பிட வேண்டுமென்றால் எழுந்து போய்த் தோளைத் தொடுவேனே தவிர, கத்த மாட்டேன். குரலை வைத்துப் பிழைக்கிறவனுக்கு இதெல்லாம் சாதாரணம். நான் என் தொண்டையைப் பார்த்துக்கொள்கிற மாதிரி வேறெதையும் பார்த்துக்கொள்வதில்லை என்று என் மனைவி சுல்தான் பீவி சொல்வாள். உண்மைதான்.

வக்கீல் சண்முகநாதன் ஐயா, நடந்ததை மறைக்காமல் எழுதிக் கொடுக்கச் சொன்னீர்கள். மறைக்க என்ன இருக்கிறது. தமிழிலேயே எழுதுகிறேன். பர்மிய மொழி எனக்குத் தொழில் மொழி. அதில் வாயைத் திறந்தால் என்னை அறியாமல் வேறு ஆளாகிவிடுவேன்.

இந்த யாங்கோனில், மிங்கலா தாங்ஞுன்ட் பேட்டையில் எங்கள் ஸ்டூடியோவை நீங்கள் பார்த்திருப்பீர்கள். பிளாஸ்டிக் வாளிக் கடைக்கு மேல்மாடி. ஜன்னல்களில் பழைய மெத்தைகளை அடைத்து வைத்திருக்கிறோம். ரயில் போனால் ஒலிப்பதிவை நிறுத்துவோம், கரண்ட் போனாலும் நிறுத்துவோம், மீதி நேரத்தில் வெளிநாட்டுத் தொடர்களுக்குப் பர்மியக் குரல் கொடுப்போம். டிவி சேனலுக்காக அதை நடத்துகிற அம்மா டோ கின். ஒலிப்பதிவு செய்கிறவன் சுந்தர். டோ கின் ஒரு தடவை செக் நாட்டுப் படங்களையும் தொடர்களையும் மொத்தமாக, எடைக்கு வாங்குகிற மாதிரி வாங்கிவிட்டார். கறுப்பு வெள்ளைக் காலத்தில் தொடங்கி அப்போது புதிதாக எடுத்தது வரை எல்லாம் அதில் இருந்தன.

அந்த எல்லாவற்றிலும் ஒரே ஒரு மனிதர் இருந்தார். கறுப்பு வெள்ளையில் ரயில் நிலையத்துச் சுமைக்காரர். கலர் வந்ததும் கிராமத்து மாட்டு வைத்தியர். பண்டிகைக்குப் போடுகிற ராஜா ராணிப் படத்தில் அரண்மனைச் சமையல்காரர். துப்பறியும் தொடரில் காலையில் நாயோடு நடக்கப் போய்ப் பிணத்தைப் பார்க்கிறவர். வயதான பிறகு அவரே பிணம். பெயர் யாரோமிர் குபேஷ். ஐம்பது வருஷம் நடித்திருக்கிறார், ஐயா. எந்தப் படத்திலும் மூன்று வரிக்கு மேல் பேசியதில்லை. அந்த மூன்று வரிக்காகத் தனியாக ஆள் எதற்கு என்று அவரை என் தலையில் கட்டினார்கள்.

முதல் தப்பை, அதைத் தப்பு என்று நீங்கள் சொல்வதாக இருந்தால், நான் செய்தது ஓர் ஓட்டல் காட்சியில். துப்பறிகிறவரும் அவருடைய உதவியாளும் சாப்பிட்டுக்கொண்டே கொலையைப் பற்றிப் பேசுகிறார்கள். குபேஷ் சர்வர். இடது தோளில் துண்டோடு, நமக்கு முதுகைக் காட்டிக்கொண்டு கண்ணாடி டம்ளர் துடைக்கிறார். ஸ்கிரிப்டில் அவருக்கு ஒன்றும் இல்லை. அந்த முதுகைப் பார்க்க எனக்கு ஒரு மாதிரியாக இருந்தது. வாய் தெரியாதபோது அவர் பேசவில்லை என்று யாரால் சொல்ல முடியும். "இந்த ரெண்டு பேரும் காசு குடுக்காம போகப்போறாங்க, பாரு" என்று நல்ல கனமான குரலில் பர்மிய மொழியில் போட்டேன். டோ கின் சிரித்துவிட்டார். வைத்துக்கொள்ளலாம் என்றார்.

துணை நடிகர்களின் விதி என்னவென்றால், கேமரா அவர்களுடைய முதுகைத்தான் அதிகம் பார்க்கும். எனக்கு அது வசதியாக இருந்தது. குபேஷ் அடுப்பைக் கிளறினால் ஒரு தத்துவம் சொன்னார். கதவைச் சாத்திவிட்டுப் போனால் கதவுக்கு அந்தப் பக்கமிருந்து இரண்டு நிமிஷம் பேசினார். நாளடைவில் கொலைகாரன் யார் என்பதையும் முதல் கால் மணி நேரத்திலேயே சொல்லிவிட்டார். அதற்குப் பிறகும் அந்தத் துப்பறிகிறவர் முக்கால் மணி நேரம் அலைவதைப் பார்த்து, இவ்வளவு முட்டாளை எப்படிப் போலீஸில் வைத்திருக்கிறார்கள் என்று ஜனங்கள் கோபப்பட்டார்கள்.

ஒரு தொடரில் அவர் பிணவறையில் வெள்ளைத் துணிக்கு அடியில் கிடந்தார். அதிலும் இரண்டு வரி போட்டேன்.

"அண்ணே, மௌத்தானவரு பேசலாமா?" என்று சுந்தர் கேட்டான்.

"முகம் மூடியிருக்குல்ல. நீ கண்டியா?" என்றேன்.

ஒளிபரப்பான அன்று சேனலுக்கு ஏகப்பட்ட போன். அவரை அவசரப்பட்டுப் புதைத்துவிட வேண்டாம் என்று சொல்வதற்காகத்தான் எல்லாரும் பேசினார்கள்.

பெரியவர்களுக்கு மரியாதையாகப் போடுகிற ஊ பட்டத்தோடு யாங்கோனில் ஊ குபேஷ் எப்படி வளர்ந்தார் என்று உங்களுக்கே தெரியும். டீக்கடைகளில் பையன்கள் அவரைப் போல இடது தோளில் துண்டைப் போட்டுக்கொண்டார்கள். பஸ்ஸில் கண்டக்டர் அவர் வசனத்தைச் சொல்லித்தான் உள்ளே நகரச் சொன்னான். எங்கள் தெருவில் மீன் குழம்பு நூடுல்ஸ் விற்கிற ஒரு மொஹிங்காக் கடைக்கே அவர் பெயர். சுல்தான் பீவியின் சொந்தக்காரப் பெண்கள் அவரைக் குபேர் மாமா என்று கூப்பிட்டார்கள். அவருடைய சொந்த ஊரில் பக்கத்து வீட்டுக்காரருக்குக்கூட அவரைத் தெரியாது என்பதை நான் யாரிடமும் சொல்லவில்லை. அவரை நான் எவ்வளவு மதித்தேன் என்பதற்காக இதைச் சொல்கிறேன்.

போன வருஷம் டோ கின் அவரை யாங்கோனுக்கு அழைத்தார். ரசிகர்கள் சந்திப்பு, மண்டபம், மாலை. எனக்கு அதில் விருப்பமில்லை. ஆனாலும் மிங்கலாடோன் விமான நிலையத்துக்கு நானும் போனேன். வாசலில் பெரிய கூட்டம், எல்லார் தோளிலும் துண்டு. கண்ணாடிக் கதவு திறந்து, குட்டையான கிழவர் ஒருவர், தன் பெட்டியைத் தானே தள்ளிக்கொண்டு வந்தார். கூட்டத்தைப் பார்த்ததும் தனக்குப் பின்னால் யாரோ பெரிய ஆள் வருகிறார் என்று நினைத்து ஒதுங்கி வழிவிட்டார். தனக்காகத்தான் என்று புரிந்தபோது அவருக்கு அழுகை வந்துவிட்டது. அழுதுகொண்டே எல்லாருக்கும் ஆங்கிலத்தில் காலை வணக்கம் சொன்னார்.

அவர் குரலை நான் அதுவரை நிஜமாகக் கேட்டதில்லை. எங்களுக்கு வருகிற பிரதியில் வசனத் தடத்தை எடுத்துவிட்டுத்தான் அனுப்புவார்கள். எண்ணெய் போடாத சைக்கிள் செயின் மாதிரி, மெல்லிசாக, மேலே எங்கேயோ கீச்சென்று இருந்தது. முன்னால் நின்ற சிலர் அவருக்குப் பின்னால் எட்டிப் பார்த்தார்கள். மாலையோடு நின்ற ஒரு அம்மா என்னைப் பார்த்து, "இது அவரோட தம்பியா? ஊ குபேஷ் எப்ப வருவாரு?" என்று கேட்டாள்.

"பிளேன்ல தொண்டை கட்டிக்கிச்சு" என்று நான் எல்லாருக்கும் விளக்கினேன். அவமானத்திலிருந்து அவரை முதன்முதலாகக் காப்பாற்றியவன் நான் என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

ஓட்டலில் தனியாக இருக்க வேண்டாமென்று அவரை என் வீட்டிலேயே தங்க வைத்தேன். யாரும் சொல்லாமலே வாசலில் செருப்பைக் கழற்றினார். பையிலிருந்து வீட்டுக்குள் போட்டுக்கொள்கிற துணிச் செருப்பை எடுத்து மாட்டினார். தன் ஊர்ப் பலகாரம் என்று தட்டு மாதிரி வட்டமான, மெல்லிய பிஸ்கோத்து ஒரு பெட்டி கொடுத்தார். சுல்தான் பீவி தம்பவுக் பிரியாணி வைத்திருந்தாள். கையால் சாப்பிடுவது எப்படி என்று அவளிடமே கேட்டுக் கற்றுக்கொண்டார்.

"நம்ம வூட்டு ஆளு மாதிரியில்ல இருக்காரு" என்று அவள் அடுக்களையில் என்னிடம் சொன்னாள். "பாவம், இந்த வயசுல தனியா வந்திருக்காரு."

சாப்பிட்ட பிறகுதான் அவர் எனக்கு அந்தச் செய்தியைச் சொன்னார். ஆங்கிலத்தில்தான் பேசிக்கொண்டோம், இருவருக்கும் ஒரே அளவு அரைகுறை. ஓர் இளம்பெண் டைரக்டர் அவருக்காகவே ஒரு படம் எழுதியிருக்கிறாளாம். ஒரு கிழவர் தன் சமையலறை மேசையில் உட்கார்ந்து, தன் வாழ்க்கையைச் சொல்கிறார். படம் முழுக்க அவர் மட்டும்தான். கேமரா அவர் முகத்துக்கு நேராக இருக்கும்.

"எங்கேயும் திரும்ப மாட்டீர்களா?" என்று கேட்டேன்.

"ஒரு தடவைகூட இல்லை, மிஸ்டர் அஜீஸ்" என்றார் பெருமையாக. "தண்ணீர் எடுக்கக்கூட எழுந்திருக்க மாட்டேன். ஐம்பது வருஷமாக இதற்குத்தான் காத்திருந்தேன்."

எனக்குப் பயம் வந்துவிட்டது. என்னை நினைத்து அல்ல, ஐயா. அவரை நினைத்து. அந்தப் படம் இங்கே வந்தே தீரும், டோ கின் வாங்கியே தீருவார். ஒன்றரை மணி நேரம் உதடு தெரிகிறபோது அவர் என்ன சொல்கிறாரோ அதைத்தானே நானும் சொல்ல முடியும். யாங்கோன் ஜனங்கள் அவரை அவருடைய சொந்த வார்த்தைகளோடு பார்ப்பார்கள். ஒரு கலைஞனுக்கு அதைவிடப் பெரிய ஆபத்து என்ன இருக்கிறது.

சந்திப்புக்கு இரண்டு நாள் இருந்தது. அந்த இரண்டு நாளும் நான் அவருக்கு ஊரைச் சுற்றிக் காட்டினேன். கரும்புச் சாறு வாங்கிக் கொடுத்தேன், ஐஸ் தாராளமாகப் போடச் சொல்லி. தெருவோரத்தில் சுரைக்காயையும் இறாலையும் பொரித்து எடுப்பார்களே, அதை மிளகாய்த் தூளில் தோய்த்துக் கொடுத்தேன். பலாச்சாங் என்றால் உங்களுக்குத் தெரியும். காய்ந்த இறாலும் மிளகாயும் பூண்டும் வறுத்தது. ருசியான சாமான்தான். அதை வெறும் வாயில் சாப்பிடுவதுதான் இந்த ஊர் மரியாதை என்றேன். அவர் மரியாதை தெரிந்தவர். கண்ணில் தண்ணீர் வழிய ஒரு கிண்ணம் சாப்பிட்டார். வட்ட ரயிலில் ஏற்றி, காற்று முகத்தில் அடிக்கிற மாதிரி ஜன்னலோரம் உட்கார வைத்து ஊரை முழுச் சுற்று சுற்றினோம். அதுதான் நல்ல இடம் என்று அவரே சந்தோஷப்பட்டார்.

இரண்டாவது நாள் கியாக்தானுக்குப் போனோம். ஆற்று நடுவில் பகோடா, படகில் போக வேண்டும். தண்ணீரில் ஆள் உயரத்துக்குக் கெளுத்தி மீன்கள். பொரி போட்டால் வரும். ஆனால் நான் குபேஷிடம், உரக்கக் கூப்பிட்டால்தான் வரும், அதுவும் ஒவ்வொன்றாகப் பெயர் வைத்துக் கூப்பிட வேண்டும் என்றேன். அவர் கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு செக் பெயர்களாகக் கூப்பிட ஆரம்பித்தார். செத்துப்போன மனைவியின் பெயர், கூட நடித்தவர்கள் பெயர், டைரக்டர்கள் பெயர். ஆற்றுக் காற்று அவர் வாய்க்குள்ளேயே போனது. நான் அவர் பார்க்காதபோது பின்னாலிருந்து பொரியைப் போட்டேன். மீன்கள் வந்தன. சாயங்காலம் வரை கூப்பிட்டார். படகில் திரும்பும்போது என் கையைப் பிடித்து ஏதோ சொல்ல வாயைத் திறந்தார். காற்று மட்டும் வந்தது.

"ஏங்க, அந்த மனுசனுக்கு இஞ்சித் தண்ணி வச்சிக் குடுக்கட்டுமா?" என்று சுல்தான் பீவி கேட்டாள்.

"வேணாம், வெள்ளைக்காரங்க வயித்துக்கு இஞ்சி ஒத்துக்காது" என்றேன்.

அவள் இஞ்சியைத் திரும்பக் கூடையில் போட்டாள். "ஒங்க தொண்டைக்கு ஒண்ணுன்னா மட்டும் வூட்டயே ரெண்டாக்குவீங்க" என்று சொல்லிவிட்டுப் போனாள். டாக்டரிடமும் காட்டினேன். ஒரு வாரம் பேசக்கூடாது என்றார். உங்களுக்கு டாக்டர் சாட்சி வேண்டுமென்றால் இருக்கிறது. நான்தான் காசு கொடுத்தேன்.

சந்திப்பன்று மண்டபத்தில் நிற்க இடமில்லை. குபேஷ் மேடை நடுவில் நாற்காலியில். நான் திரைக்குப் பின்னால், மைக்கோடு. சுந்தர் ஒலிப்பெட்டிகளைப் பார்த்துக்கொண்டான். அவர் எழுந்து, கூட்டத்தைப் பார்த்துக் கைகூப்பி, சும்மா உதட்டை அசைத்தார். நான், "யாங்கோன் சொந்தங்களே" என்றேன்.

மண்டபமே எழுந்து நின்றது. அவர் திடுக்கிட்டு மேலே ஒலிப்பெட்டியைப் பார்த்தார். திரும்பித் திரையைப் பார்த்தார். பிறகு, ஐயா, நான் என் வாழ்க்கையில் மறக்க முடியாத ஒன்றைச் செய்தார். எனக்கு வாயசைக்க ஆரம்பித்தார். அவருக்குப் பர்மிய மொழி ஒரு வார்த்தை தெரியாது. ஆனால் நான் மூச்சு எடுக்கிற இடத்தில் அவர் மூச்சு எடுத்தார். நான் நிறுத்துகிற இடத்தில் கண்ணை மூடினார். ஒரு சொல்கூடப் பிசகவில்லை. இத்தனை வருஷமாக நான் அவர் வாயைப் பார்த்துப் பேசினேன். அன்று அவர் என் குரலைக் கேட்டு நடித்தார். எவ்வளவு பெரிய நடிகர் என்று எனக்கு அப்போதுதான் முழுதாகத் தெரிந்தது.

கேள்வி நேரத்தில் ஒரு பெண் எழுந்து, அடுத்து என்ன படம் என்று கேட்டாள்.

நான் யோசிக்கவில்லை என்று சொன்னால் பொய்யாகிவிடும். வட்ட ரயிலில் சுற்றும்போதே யோசித்துவிட்டேன். "அடுத்த படம் இல்லை" என்றேன். "இன்றோடு நடிப்பை விடுகிறேன். இத்தனை அன்பைப் பார்த்த பிறகு இனி ஒரு கேமரா முன்னால் நிற்பது இந்த அன்புக்குச் செய்கிற துரோகம்." அந்த இடத்தில் அவராகவே வலது கையை நெஞ்சில் வைத்தார். நான் சொல்லித் தரவில்லை. மண்டபம் அழுதது. மண்டபம் அழுவதைப் பார்த்து அவரும் அழுதார்.

பிறகு திரைக்குப் பின்னால் வந்து, என் தோளில் சாய்ந்து காதோரம் காற்றாகக் கேட்டார், "நான் என்ன சொன்னேன்? ரொம்ப நன்றாக இருந்திருக்க வேண்டும்."

"நன்றி சொன்னீர்கள்" என்றேன்.

சேனல் அந்த வீடியோவை ஆங்கில எழுத்தோடு இணையத்தில் போட்டது. எழுத்து மொழிபெயர்ப்பும் நான்தான். அந்த வேலைக்கு வேறு ஆள் இல்லை. மறுநாள் செக் தலைநகர் பிராக்கின் பத்திரிகைகளில் வந்துவிட்டது. ஐம்பது வருஷத்தில் அவர் பெயர் அந்தப் பத்திரிகைகளில் தலைப்பில் வந்தது அதுதான் முதல் தடவை. நான் மட்டும் அந்த வரியைச் சொல்லியிருக்காவிட்டால் வந்திருக்குமா.

அன்று மத்தியானம் அந்த டைரக்டர் பெண் அவருக்குப் போன் செய்தாள். போன் திரையில் அவள் பெயரைப் பார்த்ததும் குழந்தை மாதிரிச் சிரித்தார். பேச முடியாதே. தொண்டையைத் தொட்டுக் காட்டி, போனை என்னிடம் நீட்டினார். சரியான தேதிக்கு வந்துவிடுவேன் என்று சொல்லச் சொல்லிச் சைகை செய்தார். கையை விமானம் மாதிரி ஆட்டிக் காட்டினார். சிக்னல் சரியில்லை என்று நான் போனோடு வாசலுக்குப் போனேன், அவர் மூடிய ஜன்னலுக்கு உள்ளிருந்து என்னையே பார்த்துக்கொண்டு நின்றார்.

அவள் அழுதுகொண்டே ஆங்கிலத்தில் கேட்டாள், "வீடியோவில் பார்த்தது நிஜமா? அவர் என்னிடம் ஒன்றுமே சொல்லவில்லையே."

"ஆமாம்" என்றேன். "முடிவில் உறுதியாக இருக்கிறார். உங்களிடம் நேரில் சொல்ல வருத்தமாக இருக்கிறதாம். வேறு ஆளைப் பார்த்துக்கொள்ளச் சொல்கிறார்."

"அவர் பக்கத்தில் இருக்கிறாரா?"

"இருக்கிறார். தலையாட்டுகிறார்."

அவர் தலையாட்டிக்கொண்டுதான் இருந்தார். கட்டை விரலையும் உயர்த்திக் காட்டினார். நான் சொன்னதில் அந்தக் கடைசி வாக்கியம் பொய் இல்லை.

ஊருக்குப் போன பிறகு, குரல் திரும்பியதும், அவர் என்னைக் கூப்பிட்டார். அதே கீச்சுக் குரல். "மிஸ்டர் அஜீஸ், மொழிபெயர்ப்பில் ஏதோ தவறு நடந்துவிட்டது போலிருக்கிறது. படத்தை வேறொருவருக்குக் கொடுத்துவிட்டார்கள். ஒப்பந்தம் போட்டாயிற்று" என்றார். பர்மிய மொழி கடினமானது என்று நான் சொன்னேன். அவர் என்னைச் சமாதானப்படுத்தினார். நான் என்னையே குற்றம் சொல்லிக்கொள்ளக் கூடாதாம், எல்லாம் அந்த மீன்களைக் கூப்பிட்டதால் வந்ததாம். நானும் அவர் மனம் நோகாமல் இருக்க ஒப்புக்கொண்டேன்.

இப்போது அவரை யாரும் நடிக்கக் கூப்பிடுவதில்லை. ஓய்வு பெற்றவரைத் தொந்தரவு செய்யக் கூடாது என்று நினைக்கிறார்கள். ஓய்வுக்காக ஒரு பதக்கம் கொடுத்தார்கள். மேடையில் நன்றி சொல்ல அவர் வாயைத் திறந்தபோது சிலர் சிரித்தார்களாம். அருகில் நான் இருந்திருந்தால் அது நடந்திருக்காது.

அந்தப் படம் முடிந்து, பரிசெல்லாம் வாங்கி, நான் நினைத்த மாதிரியே டோ கின்னிடம் வந்து சேர்ந்தது. கூடவே அந்த டைரக்டர் பெண்ணின் கேள்வியும் வந்தது: யாங்கோன் மேடையில் குபேஷ் நிஜமாகவே என்ன சொன்னார். டோ கின் சுந்தரைக் கேட்டார், சுந்தர் எல்லாவற்றையும் சொன்னான், இப்போது சேனலுக்காக நீங்கள் என்னைக் கேட்கிறீர்கள். கேட்டதற்குப் பதில் எழுதிவிட்டேன். குபேஷ் ஒன்றும் சொல்லவில்லை. நான் சொன்னேன். அவர் குரலை எடுத்ததும் நான்தான், மேடையிலும் போனிலும் அந்தப் படத்தை வேண்டாம் என்றதும் நான்தான். கையெழுத்து எங்கே போட வேண்டும் என்று சொல்லுங்கள்.

ஒன்றே ஒன்று மட்டும் சேர்த்துக்கொள்ளுங்கள். போன வாரம் டோ கின் என்னையே அந்தப் படத்துக்குக் குரல் கொடுக்கச் சொன்னார். இன்னும் என்னைவிட நல்ல குரல் அவருக்குக் கிடைக்கவில்லை. ஹெட்போனை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தேன். குபேஷின் இடத்தில் அந்த ஊர்ப் பெரிய கதாநாயகர் ஒருவர் உட்கார்ந்திருக்கிறார். வயதுக்காகத் தலைக்கு வெள்ளை பூசியிருக்கிறார்கள். மேசையில் கையை வைத்திருக்கிற விதத்திலேயே தெரிகிறது, அந்த ஆள் ஒரு நாள்கூடத் தனியாகச் சாப்பிட்டதில்லை. பத்து நிமிஷத்துக்கு மேல் என்னால் பார்க்க முடியவில்லை. கண் கலங்கிவிட்டது. ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டு, என்னால் முடியாது என்று டோ கின்னிடம் சொன்னேன். குபேஷ் மாதிரி ஒரு மனிதரிடமிருந்து இப்படி ஒரு வேஷத்தைப் பறிக்க மனசு வந்தவர்களோடு சேர்ந்து வேலை செய்ய எனக்கு மனசாட்சி இடம் கொடுக்கவில்லை.